ஐக்கிய சங்கச் சிப்பந்திகளைத் தண்டிக்கும் அதிகாரம்

வடமதுரை, அய்யலூர், வேடசந்தூர்ப் பக்கத்துக் குடியானவர்களுக்கு விதைப்புக் காலத்தில் முதலில் நினைவுக்கு வருவது ஐக்கிய நாணய சங்கமே. உரமும் கடனும் அங்கே கிடைக்கின்றன; வீட்டு நகை அங்கே அடகிருக்கிறது. இவ்வளவுக்கும் சாவி சங்கச் செயலாளர் முதலிய சில சிப்பந்திகள் கையில் இருக்கிறது. அச்சிப்பந்தி தவறினால் அவரைத் தண்டிப்பவர் யார் என்பதைப் பற்றி இரண்டு தப்பெண்ணங்கள் நிலவுகின்றன. தலைவர் நினைத்தால் அன்றைக்கே வெளியேற்றலாம் என்பது ஒன்று. இலாகா உத்தரவு வந்தாலன்றிச் சங்கத்தால் ஒன்றும் செய்ய இயலாது என்பது மற்றொன்று. இரண்டினாலும் நஷ்டமடைகிறவர்கள் அங்கத்தினர்களே.

சென்னை மாகாணத்தில் 1904-ஆம் வருஷத்துச் சட்டத்தின்கீழ் திரூரில் முதல் கிராம நாணய சங்கம் தோன்றியது. பின்னர் 1932, 1961 ஆகிய வருஷங்களில் தனிச் சட்டங்கள் ஏற்பட்டன. தமிழ்நாட்டில் இப்போது நடைமுறையில் உள்ளது 1983-ஆம் வருஷத்துக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம். அது 1988-இல் அமலுக்கு வந்தது. அவ்வருஷத்து விதிகளில் 149-வது விதி, சிப்பந்திகளின் நியமனம், சம்பளம், தண்டனை முதலியவற்றைச் சங்கத்தின் தனிப் பைலாவில் வகுக்கச் சொல்கிறது. சிப்பந்தி சர்க்கார் உத்தியோகஸ்தரல்லர். அவருக்கு எஜமானன் சங்கமே. ஆகவே தண்டனை அதிகாரமும் முதற்கண் சங்க நிர்வாகத்தையே சார்ந்தது. இத்தகைய பைலாக்கள் கம்பெனியின் உள்விதிகளை ஒத்தவையேயன்றிச் சட்டத்தின் பலம் உடையனவல்ல என்று சுப்ரீம் கோர்ட்டு 1969-இல் தீர்ப்பளித்தது.

அதிகாரம் உண்டு என்பதனால் அவசரம் கூடாது. குற்றச்சாட்டைத் தெளிவாக எழுதிக் கொடுக்க வேண்டும். சமாதானம் சொல்ல அவகாசம் தர வேண்டும். ஒப்புக்கொள்ளாவிடில், சம்பவத்தில் சம்பந்தப்படாத ஒருவர் விசாரிக்க வேண்டும்; சாட்சிகளைக் குறுக்குக் கேள்வி கேட்கவும், தஸ்தாவேஜுகளைப் பார்க்கவும் இடமளிக்க வேண்டும். விசாரணை அறிக்கையின் பிரதியைக் கொடுத்துப் பதில் பெற்ற பின்னரே உத்தரவு பிறக்கலாம். தண்டனையும் குற்றத்தின் அளவுக்குப் பொருந்தியிருக்க வேண்டும். விசாரணை முடியும்வரை வேலையிலிருந்து நிறுத்தி வைத்தால், 1981-ஆம் வருஷத்துத் தமிழ்நாட்டுச் சட்டப்படி முதல் 90 நாட்களுக்குப் பாதிச் சம்பளமும், 180 நாள் வரை முக்கால் பங்கும், அதற்குமேல் முழுச் சம்பளமும் பிழைப்பூதியமாகத் தர வேண்டும். விசாரணையை இழுத்தடிப்பது சங்கத்துக்கே செலவு என்பது இதனால் விளங்கும்.

தண்டிக்கப்பட்ட சிப்பந்திக்குப் பரிகாரங்களும் உண்டு. 90-வது பிரிவின்கீழ் நடக்கும் மத்தியஸ்தத்தில் ஒழுங்கு நடவடிக்கைப் பிணக்கு சேராது. 153-வது பிரிவின்கீழ் ரிஜிஸ்திராரிடம் சீராய்வு கோரலாம். காரணமின்றி வேலை நீக்கம் கூடாது என்று கூறும் 1947-ஆம் வருஷத்துக் கடைகள், ஸ்தாபனங்கள் சட்டத்தின் 41-வது பிரிவின்கீழ் அப்பீலும் உண்டு. சாதாரணச் சங்கம் அரசாங்கத்தின் அங்கமாகாதென்றும், சில விசேஷ நிலைமைகளிலன்றி அதன்மீது ரிட் மனு நில்லாதென்றும் சென்னை ஹைக்கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள் 2006-இல் முடிவு செய்தனர். எங்கே அப்பீல் சென்றாலும் முதலில் கேட்கப்படுவது முறையான விசாரணை நடந்ததா என்பதே. நடக்காவிடில், குற்றம் உண்மையாயினும் உத்தரவு ரத்தாகக்கூடும். பாக்கிச் சம்பளம் அங்கத்தினர் பணத்திலிருந்து போகும்.

தாட்சண்யமும் இதே அளவு தீங்கானது. ஐந்து பவுன் வரையிலான நகைக் கடன்கள் தள்ளுபடி செய்யப்படுமென்று 2021-இல் சர்க்கார் அறிவித்துக் கணக்குகளைச் சோதித்தபோது, சில சங்கங்களில் நகையில்லாப் பொட்டலங்களும் போலி நகைகளும் வெளிப்பட்டன. மாதந்தோறும் பொட்டலங்களை எண்ணிப் பார்த்திருந்தால் இவை வளர இடமிராது. நஷ்டத்தை வசூலிக்க 87-வது பிரிவு இருக்கிறது. கிரிமினல் வழக்கும் உண்டு. அவை ஒழுங்கு நடவடிக்கைக்கு மாற்றல்ல. கோர்ட்டுத் தீர்ப்பு வரட்டும் என்று வாளாவிருப்பது கதவைத் திறந்து வைத்து உறங்குவதாகும்.

இதில் இலாகாவின் பங்கு யாது? தணிக்கை செய்வதும், குறைகளை எடுத்துக் காட்டுவதும், சீராய்வில் நீதி வழங்குவதும் அதன் கடமை. இன்னாரை நீக்குக என்று வாய்மொழியாக ஏவிவிட்டு, பின்பு அதே இலாகா சீராய்வு கேட்பது நியாயமாகாது. பிறர் ஏவலால் பிறப்பித்த உத்தரவு சுயமான தீர்மானமல்ல என்ற காரணத்தாலேயே கோர்ட்டில் வீழும். 2001-இல் நேர்ந்ததுபோல் நிர்வாகம் தனி அலுவலர் வசம் செல்லும் காலங்களில் இவ்வபாயம் இன்னும் அதிகம். தண்டிப்பவரும் அப்பீல் கேட்பவரும் ஒரே இலாகாவினராகிவிடுகின்றனர். அத்தகைய காலத்தில் வெளியார் ஒருவரை, சட்டம் அறிந்தவராக, விசாரணைக்கு அமர்த்துவதே பொருத்தம்.

கிராமத்தில் உறவும் கட்சியும் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பதால் நிர்வாகக் குழுவை நம்பலாகாது என்பர் சிலர். அவ்வாட்சேபணையில் உண்மை உண்டு. ஆயினும் அதிகாரத்தைப் பறிப்பது அதற்கு மருந்தல்ல. தணிக்கை அறிக்கையைப் பொதுக் கூட்டத்தில் உரக்கப் படிக்கச் செய்வதும், கேள்வி கேட்பதும், நடவடிக்கைக்கு நாள் குறிப்பதும் அங்கத்தினர் கையில் உள்ளன. நிலமுள்ள குடியானவர்களும் கிராம உத்தியோகஸ்தர்களும் அக்கூட்டத்துக்குத் தவறாமல் செல்வார்களாயின், நேர்மையான சிப்பந்தி அஞ்ச வேண்டியதில்லை. நேர்மையற்றவர் நிலைக்கவும் முடியாது.