பணிமூப்பும் ஊர் எல்லையும்

ஆசிரியர்தம் பணிமூப்பு வழக்குகளைத் தன்னலப் பூசல் என்று தள்ளிவிடுவோரை நாம் காண்கின்றோம். அது முறையன்று. மூப்புப் பட்டியலில் கீழிறங்கியவர்க்குத் தலைமையாசிரியர் பதவி பல்லாண்டு தள்ளிப்போகும். கைக்கு எட்டாமலும் போகும்.

இளையரசனேந்தலை நோக்குவோம். இந்தப் பிர்கா சங்கரன்கோவில் வட்டத்தினின்று கோவில்பட்டி வட்டத்திற்கு மாற்றப்பட்ட பின்னும், இதன் ஊராட்சிகள் குருவிகுளம் ஒன்றியத்திலேயே நீடித்தன. தொடக்கப்பள்ளி ஆசிரியர்க்கோ ஒன்றியமே மூப்பின் எல்லையாக இருந்தது. விருப்ப மாறுதலில் வேறு ஒன்றியம் சென்றவர், அங்கே பட்டியலின் கடைசியில் நின்றார்.

2023 டிசம்பரில் வெளிவந்த அரசாணை 243 ஒன்றிய மூப்பை நீக்கி, மாநில மூப்பைக் கொணர்ந்தது. மாறுதலால் மூப்பிழந்தோர்க்கு அது ஆறுதல். பழைய விதியை நம்பி ஓரிடத்தே காத்திருந்தோரும், தொலைவூர்ப் பணிக்கு அஞ்சிய பெண்ணாசிரியரும் அதனை எதிர்த்தனர். இருசாரார் பக்கமும் நியாயம் உண்டு.

விதிப்படி நியமனம் பெற்றவரின் மூப்பு, நியமன நாளிலிருந்தே கணக்கிடப்பெறும் என்று 1990இல் உச்சநீதிமன்ற அரசியல் சாசன அமர்வு தெளிவுறுத்தியது. ஊர் எல்லையினும் உழைத்த ஆண்டுகளே பெரிது என்பதே நம் கருத்து. ஆயின், மாற்றத்தால் இழப்போர்க்கு அருகிலேயே பணியிடம் தர முயல்வது அரசின் கடமை. ஆண்டுதோறும் பட்டியலை வெளியிட்டு, மறுப்புகளைப் பதவி உயர்வுக்கு முன்பே தீர்த்தலும் வேண்டும்.

வழக்கு நீளுந்தோறும் தலைமையாசிரியரின்றித் தவிப்பது ஏழைப் பிள்ளைகளின் பள்ளியே அன்றோ?