பல்லிக்கும் வழுக்கும் தவா!

ராத்திரி டியூப்லைட் பக்கத்தில் பூச்சிக்காகக் காத்திருக்கும் பல்லி, கூரையில் தலைகீழாக நடந்தாலும் விழுவதில்லையே, ஏன்? காலில் பசையா? இல்லை. உறிஞ்சும் குழியா? அதுவும் இல்லை.

விரலடியில் கண்ணுக்குத் தெரியாத நுண்முடிகள்தான் காரணம். 'டோக்கே' என்ற பெரிய பல்லிக்கு ஒரு பாதத்தில் மட்டும் சுமார் 5 லட்சம்! ஒவ்வொரு முடியின் நுனியும் நூற்றுக்கணக்கில் கிளை பிரிகிறது. அந்த நுனிகள் சுவரை நெருங்கியதும், இரண்டின் மூலக்கூறுகளும் ஒன்றையொன்று லேசாக இழுக்கின்றன. இதுதான் வாண்டர்வால்ஸ் விசை. 1910-ல் இயற்பியல் நோபல் பெற்ற டச்சு விஞ்ஞானியின் பெயர் அது. பல்லியைத் தாங்குவது இந்த விசைதான் என்று அமெரிக்க ஆய்வாளர்கள் 2002-ல் சோதித்துக் காட்டினார்கள்.

ஒரு நுனியின் பிடி அற்பம். கோடிக்கணக்கில் சேர்ந்தால் பல்லியையே தாங்கும்.

ஒட்டிய கால் எப்படி விடுபடுகிறது? முடியின் சாய்வை மாற்றினால் போதும். செலோடேப்பை ஓரத்திலிருந்து உரிப்பதுபோலக் கழன்றுவிடும்.

இத்தனை கெட்டிக்காரப் பல்லியும் தோற்கும் இடம் ஒன்று உண்டு. நம் நான்-ஸ்டிக் தவாவில் பூசியிருக்கிறார்களே, அந்த டெஃப்லான்! அதிலுள்ள ஃப்ளோரின் அணுக்கள் தங்கள் எலக்ட்ரான்களை இறுகப் பிடித்துக்கொள்வதால், அடுத்த மூலக்கூறோடு இழுப்பு மிகக் குறைவு. அதனால் ஈரமில்லாத டெஃப்லானில் பல்லிக்கும் வழுக்கும். தோசை ஒட்டாமல் வருவதும் அதே காரணத்தால்தான்!