ஓவியம் படிக்கப் போன பையன்



பிளஸ் டூ முடிவுகள் வந்துவிட்டால் போதும், கோவையிலும் ஈரோட்டிலும் திருப்பூரிலும் வீட்டுக்கு வீடு என்ஜினியரிங்கா, சி.ஏ.வா என்ற பேச்சுத்தான். அப்போதெல்லாம் எனக்கு, ஓவியம் படிக்கப் போன நடிகர் சிவகுமார் நினைவுக்கு வருகிறார்.

சூலூர்ப் பக்கம் காசிகவுண்டன்புதூரில் 1941 அக்டோபர் 27 அன்று பிறந்தவர். வீட்டில் வைத்த பெயர் பழனிச்சாமி. பத்து மாதக் கைக்குழந்தையாக இருக்கும்போதே அப்பா காலமாகிவிட்டார். அம்மா காட்டில் பாடுபட்டு வளர்த்தார். அந்த வீட்டிலிருந்து, 1950களின் கடைசியில், ஒரு பையன் ஓவியம் படிக்கச் சென்னைக்குப் போனான். "படம் வரைஞ்சு என்னத்தெச் சாப்புடறது?" என்று இன்றைக்கும் கேட்கிற ஊர் நம்முடையது. அந்தத் தாயை நினைத்தால் கைகூப்பத் தோன்றுகிறது.

திருவண்ணாமலையையும் மதுரை மீனாட்சி கோயிலையும் நேரில் உட்கார்ந்து வரைந்த கை சிவகுமாருடையது. நடிப்பு பிறகுதான் வந்தது. 1965இல் 'காக்கும் கரங்கள்' முதல் படம். 'கந்தன் கருணை'யில் முருகன், 'உயர்ந்த மனிதன்' படத்தில் சிவாஜிக்கு மகன். கதாநாயகனாக நிலைபெறப் பத்தாண்டு பொறுத்திருந்தார். 1976இல் 'அன்னக்கிளி'. நம் சத்தியமங்கலத்துக்கு அப்பால் தெங்குமரஹாடாவில் எடுத்த படம்.

நூறாவது படம் 'ரோசாப்பூ ரவிக்கைக்காரி', 1979. மனைவி மனம் மாறிப்போவதை அறியாத வெள்ளந்தி செம்பட்டையன் வேடம். நூறாவது படத்தில் வீரனாக வந்து நிற்கவே எந்த நாயகனும் ஆசைப்படுவான். இவர் ஏமாறுகிறவனாக நடித்தார். அவர் நடிப்பின் உச்சம் அதுதான் என்பேன், 'சிந்து பைரவி' படத்தை மறந்துவிடாமலே. மனிதர்களை ஓவியனின் கண்ணால் உற்றுப் பார்த்துப் பழகியவருக்கே அந்த நடையும் அந்தச் சிரிப்பும் வரும். சிறந்த படத்துக்கான தங்கத் தாமரை விருதைத் தமிழுக்கு முதலில் கொண்டுவந்த 'மறுபக்கம்' படத்திலும் அவர்தான் நாயகன்.

வயது ஏறியதும் சின்னத்திரைக்குப் போனார். 'சித்தி' தொடர் அவரை ஒவ்வோர் இரவும் நம் வீட்டுக்குள் கொண்டுவந்தது. அப்புறம் நடிப்பையே விட்டுவிட்டு, கம்பராமாயணத்தை 100 பாடல்களில், கையில் ஒரு தாளும் இல்லாமல், மேடையில் சொன்னார்.

உங்கள் மகனோ மகளோ ஓவியம் படிக்க ஆசைப்பட்டால், மறுப்பதற்கு முன் அவர்கள் வரைந்ததை ஒருமுறை உட்கார்ந்து பாருங்கள். சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின் கலைக் கல்லூரிகள் இருக்கின்றன. விண்ணப்பம் வாங்கிக் கொடுங்கள்.

அன்புடன்,
ஆசிரியர்