அதிசயத்துக்கும் திகதி வேண்டும்

காலத்தையும் மாயங்களையும் பதிவுசெய்வதே தொழிலாகக் கொண்ட எழுத்தர்களைக் கற்பனைக் கதைகளில் வாசித்து வியக்கிறோம். அவர்களை ஒத்தவர்கள் நமது வரலாற்றிலேயே இருந்தார்கள். பள்ளிவாசலில் தொழுகை நேரத்தைக் கணித்தவர் முவக்கித் எனப்பட்டார். டமஸ்கஸ் உமையாப் பள்ளிவாசலின் முவக்கித் இப்னு ஷாதிர், 1371 இல் அதன் மினாராவுக்கு நிழற்கடிகாரம் அமைத்தார்.

1006 இல் வானில் புதிய நட்சத்திரம் ஒன்று சுடர்விட்டது. எகிப்தில் அப்போதுதான் கல்வியைத் தொடங்கியிருந்த அலீ இப்னு ரிழ்வான் அதைக் கண்டார். வியந்ததோடு நில்லாமல், அதன் பிரகாசத்தையும் வானில் அது நின்ற இடத்தையும் பின்னர் எழுதிவைத்தார். வெடித்துச் சிதறிய அந்த நட்சத்திரத்தின் எச்சத்தை இன்றைய விஞ்ஞானிகள் தேட அக்குறிப்பும் உதவியது.

நாமோ “அந்தக் காலத்தில்” என்று சொல்லி முடித்துவிடுகிறோம். 2004 டிசம்பர் 26 காலை கடல் பொங்கியதைக் கண்ட உம்மம்மாமார் கல்முனையிலும் காத்தான்குடியிலும் இன்னும் இருக்கிறார்கள். அப்போது நேரம் என்ன? தண்ணீர் எந்த வீதிவரை வந்தது? கிணறுகள் எப்போது மீண்டும் நன்னீராயின? கேட்டு எழுதுங்கள், சகோதரிகளே. அவர்கள் மௌத்தான பின் கேட்க முடியாது. பெற்றோரே, அதற்கென்று ஒரு கொப்பி வாங்கிக் கொடுங்கள்.