ஒரு காசும் ஒரு கொசுவும்



கிராணி ஐயா உங்களைக் கூப்பிட்டு, "மாசம் பூரா வேலைக்கு மொத்தமா பத்தாயிரம் வெள்ளி வேணுமா? இல்லே, முதல் நாள் ஒரு காசு, மறுநாள் ரெண்டு காசு, அதுக்கடுத்த நாள் நாலு காசுன்னு முப்பது நாளும் இரட்டிச்சுத் தரட்டுமா?" என்று கேட்டால் என்ன சொல்வீர்கள்? "காசை வச்சு என்ன பண்றது, பத்தாயிரத்தைக் கொடுங்க" என்றுதான் நம்மில் முக்கால்வாசிப் பேர் சொல்வோம். கணக்கைப் போட்டுப் பாருங்கள். பத்தாம் நாள் கூலி வெறும் 5 வெள்ளி 12 காசு. இருபதாம் நாள் 5,242 வெள்ளி 88 காசு. முப்பதாம் நாளோ, அந்த ஒரு நாள் கூலி மட்டும் 53 இலட்சம் வெள்ளிக்கு மேல்!

எந்தக் கிராணியும் அப்படிக் கேட்கப் போவதில்லை. ஆனாலும் இந்தக் கணக்கு நமக்குப் புதிதல்ல. அவசரத்துக்குக் கடன் வாங்கி, வட்டிக்கு வட்டி ஏறி, கடன் குட்டி போட்டதைப் பார்த்தவர்கள்தாம் நாம். பெருகியதே மறுபடியும் பெருகும்போது ஆரம்பத்தில் ஒன்றும் தெரியாது. தெரியவரும்போது கை மீறிப் போயிருக்கும்.

"சுகாதாரப் பகுதியில் காசுக் கணக்கு எதுக்கு?" என்று கேட்பீர்கள். டிங்கிக் காய்ச்சலைப் பரப்பும் ஏடிஸ் கொசுவும் இதே மாதிரிதான் பெருகுகிறது. 2019ஆம் ஆண்டில் மட்டும் மலேசியாவில் 1,30,101 பேருக்கு டிங்கி கண்டது. 182 பேர் இறந்தார்கள்.

ஒரு பெண் கொசு ஒரு தடவைக்குச் சுமார் நூறு முட்டை இடும். நம் நாட்டு வெப்பத்தில் ஏழு முதல் பத்து நாளுக்குள் முட்டை புழுவாகி, கூட்டுப்புழுவாகி, கொசுவாகப் பறந்துவிடும். அதுவும் இரத்தம் குடித்துச் சில நாளில் முட்டையிடும். ஆக, ஏறக்குறைய இரண்டு வாரத்துக்கு ஒரு தலைமுறை. நூறு முட்டையில் ஐந்தே ஐந்து பெண் கொசு தப்பிப் பிழைத்ததாக வைத்துக்கொள்வோம். இரண்டு வாரத்தில் 5, நாலு வாரத்தில் 25, ஆறு வாரத்தில் 125, எட்டு வாரத்தில் 625, பத்து வாரத்தில் 3,125. எல்லாம் ஒரே ஒரு கொசுவிலிருந்து! நிஜத்தில் இப்படி அளந்து வைத்த மாதிரி நடக்காது. முட்டையிடத் தண்ணீர் கிடைக்கும்வரைதான் பெருக்கம். நமக்கு வழி இருப்பதும் அந்தத் தண்ணீரில்தான்.

அந்தத் தண்ணீர் எங்கே இருக்கிறது? பால் வெட்டாமல் விட்ட நிரையில் கவிழ்க்காமல் கிடக்கும் மங்கில். லயத்துக்குப் பின்னால் கிடக்கும் பழைய டயரில், பால் டின்னில், பூச்சாடித் தட்டில், மூடாத தண்ணீர் டிரம்மில். "ஒரு மங்குதானே அண்ணே, இதுல என்ன வந்திடப் போகுது?" என்று என்னிடமே கேட்டவர்கள் உண்டு. முதல் நாள் கூலியும் ஒரு காசுதானே, தம்பி!

புகை அடிக்க ஆள் வரட்டும் என்று காத்திருப்பது சரியல்ல என்பது என் கருத்து. காய்ச்சல் கண்டபிறகு புகை அடிக்க வேண்டியதுதான். ஆனால் அது அந்த நேரத்தில் பறக்கும் கொசுவைத்தான் கொல்லும். தண்ணீரில் கிடக்கும் புழுவை ஒன்றும் செய்யாது. முப்பதாம் நாள் கணக்கை அடைக்க ஓடுவதைவிட முதல் நாள் காசைத் தடுப்பது சுலபம். வாரம் ஒரு நாள், ஞாயிறு காலையில் பத்து நிமிடம் வீட்டைச் சுற்றி வந்தால் போதும். முட்டை கொசுவாக ஒரு வாரமாவது ஆகும் என்பதால்தான் வாரக் கணக்கு. தண்ணீரைக் கொட்டினால் மட்டும் போதாது. முட்டை பாத்திரத்தின் உள்பக்கம் ஒட்டிக்கொண்டு, காய்ந்தாலும் மாதக்கணக்கில் உயிரோடு இருக்கும். நன்றாகத் தேய்த்துக் கழுவிக் கவிழ்த்து வையுங்கள்.

பழியை எல்லாம் தொழிலாளி தலையில் போடுவதும் நியாயமில்லை. குழாயில் தண்ணீர் ஒழுங்காக வந்தால் யார் டிரம்மில் பிடித்து வைக்கப் போகிறார்கள்? தொழிலாளர் வீடுகளுக்கு இலவசமாக, போதுமான குழாய்த் தண்ணீர் தருவது முதலாளியின் கடமை என்று 1990ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. தண்ணீர் வராத நாளைக் குறித்து வைத்துச் சங்கக் கிளைச் செயலாளரிடம் கொடுங்கள். தீம்பாரில் கிடக்கும் மங்குகளைக் கவிழ்க்க நிர்வாகம் ஆள் போடட்டும். நம் வாசலை நாம் பார்த்துக்கொள்வோம்.

தாய்மார்களுக்கு ஒரு வார்த்தை. பிள்ளைக்குக் கடும் காய்ச்சல், கண்ணுக்குப் பின்னால் வலி, உடம்பு வலி என்றால் ஆஸ்பிரின் கொடுக்காதீர்கள். இரத்தக் கசிவு கூடும். இரத்தப் பரிசோதனைக்குக் கிளினிக் கொண்டுபோங்கள். காய்ச்சல் இறங்கியதும் "சரியாப் போச்சு" என்று நினைத்துவிடாதீர்கள். மூன்றாம் நாளிலிருந்து ஏழாம் நாள்வரை அந்த நேரம்தான் ஆபத்து. வயிற்று வலி, விடாத வாந்தி, ஈறிலோ மூக்கிலோ இரத்தம், பிள்ளை சோர்ந்து கிடப்பது, இதில் எது கண்டாலும் நேரே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். காய்ச்சல்காரரைப் பகலிலும் கொசுவலைக்குள் படுக்க வையுங்கள். அவரைக் கடித்த கொசு அடுத்த வீட்டுக்கும் போகும். நோயும் அந்தக் காசு மாதிரியே பெருகும்.

இந்த ஞாயிற்றுக்கிழமை, பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வீட்டுக்குப் பின்னால் ஒரு நடை போய்ப் பாருங்கள். புழு நெளியும் டின் ஒன்று கிடைத்தால், அதைக் கொட்டுவதற்கு முன் இந்தக் கணக்கைப் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுங்கள்.