மயில்கள் கலைந்து போனது துரோகமா? ஒரு சின்ன கல்லூரி அணியின் சீசன் சொல்லும் கணக்கு

2022 மார்ச் 17. அமெரிக்காவின் இண்டியானாபோலிஸ் நகரில் ஒரு கல்லூரி கூடைப்பந்து ஆட்டம். ஒரு பக்கம் எட்டு முறை தேசிய சாம்பியனான கென்டக்கி. அதன் பயிற்சியாளர் ஜான் கலிபாரியின் ஆண்டுச் சம்பளம் மட்டுமே 80 லட்சம் டாலருக்கு மேல். இன்னொரு பக்கம் நியூ ஜெர்சி மாநிலத்தின் ஜெர்சி சிட்டியில் இருந்து வந்த செயின்ட் பீட்டர்ஸ். இளங்கலை மாணவர்கள் மூவாயிரம் பேர்கூட இல்லாத கல்லூரி. அணியின் சின்னம், மயில்.

கூடுதல் நேரத்தில் 85-79 என்று மயில்கள் ஜெயித்தன.

ஜெர்சி சிட்டி நம்ம ஐ.டி. ஆட்களுக்குப் புதுசு இல்லை. ஆற்றைத் தாண்டினால் நியூயார்க். நியூவார்க் அவென்யூவில் இறங்கினால் தோசை கிடைக்கும். அந்த ஊரிலேயே வருஷக்கணக்கில் இருந்துவிட்டு, இப்படி ஒரு கல்லூரி இருப்பதையே அந்த வாரம்தான் கவனித்தவர்கள் நிறைய பேர் இருப்பார்கள்.

முதலில் இந்தத் தொடர் எப்படி நடக்கிறது என்று பார்த்துவிடலாம். ‘மார்ச் மேட்னஸ்’ என்று சொல்லப்படும் இதில் 68 அணிகள். நான்கு பிரிவு, ஒவ்வொன்றிலும் 1 முதல் 16 வரை வரிசை. ஒரு ஆட்டம் தோற்றால் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். கென்டக்கிக்குக் கிடைத்தது 2-ம் இடம், செயின்ட் பீட்டர்ஸுக்கு 15. அதற்கு முன் எந்த 15-ம் இடத்து அணியும் கடைசி எட்டுக்குள் போனதே இல்லை.

இவங்க போனாங்க. கென்டக்கிக்கு எதிராக டேரில் பேங்க்ஸ் 27 புள்ளி எடுத்தார். பெஞ்சிலிருந்து இறங்கிய டக் எடர்ட் 20. இரண்டு நாள் கழித்து, அதுவரை சீசன் முழுக்க இரண்டே ஆட்டம் தோற்றிருந்த முர்ரே ஸ்டேட்டை 70-60 என்று வீழ்த்தினார்கள். நியூ ஜெர்சி, நியூயார்க் பசங்க யாருக்கும் பயப்பட மாட்டார்கள் என்று கோச் ஷாஹீன் ஹாலோவே பேசிய வீடியோ வைரல் ஆனது. அடுத்து பிலடெல்பியாவில் பர்டியூ. அதன் சென்டர் சாக் ஈடி, 7 அடி 4 அங்குலம். மயில்களில் அந்த உயரத்துக்குக் கிட்டத்தில்கூட யாரும் கிடையாது. ஆனாலும் 67-64. கடைசி எட்டில்தான் நார்த் கரோலினாவிடம் 69-49 என்று தோற்றார்கள். சீசன் கணக்கு: 22 வெற்றி, 12 தோல்வி. பன்னிரண்டு தோல்வி என்பதைக் கவனியுங்கள். மார்ச்சுக்கு முன்பு இந்த அணிக்காக யாரும் கவிதை எழுதவில்லை.

அப்புறம் நடந்ததுதான் விஷயம்.

தோற்ற சில நாள்களிலேயே ஹாலோவே, அதே நியூ ஜெர்சியில் இருக்கும் செட்டன் ஹால் பல்கலைக்கழகத்தின் கோச் ஆனார். அவர் படித்து, விளையாடிய இடம். சம்பளமும் பெரிசு, போட்டியிடும் லீகும் பெரிசு. எல்லாரும் வாழ்த்தினார்கள். பிறகு வீரர்கள் ஒவ்வொருவராகக் கிளம்பினார்கள். எடர்ட் பிரையண்டுக்கு, பேங்க்ஸ் செயின்ட் போனவென்சருக்கு, கே.சி. என்டெஃபோ கோச்சின் பின்னாலேயே செட்டன் ஹாலுக்கு, மாலி நாட்டு இரட்டையர் டிராமே சகோதரர்கள் லா சாலுக்கு. கோடை முடிவதற்குள் அணி என்று சொல்லிக்கொள்ள அங்கே பெரிதாக எதுவும் மிச்சமில்லை.

அப்போதுதான் ‘விசுவாசம்’ என்ற சொல் வெளியே வந்தது. இந்தக் காலத்துப் பசங்களுக்கு நன்றி இல்லை, டிரான்ஸ்ஃபர் போர்ட்டல் விளையாட்டையே கெடுத்துவிட்டது என்ற பேச்சு இன்றைக்கும் ஓயவில்லை. எனக்கு இதில் உடன்பாடு இல்லை.

உங்கள் ஆபீஸை நினைத்துப் பாருங்கள். ஒரு புராஜெக்ட் பிரமாதமாகப் போகிறது. மேனேஜர் அதைக் காட்டி வேறு கம்பெனியில் பெரிய பதவி வாங்கிக்கொண்டு போகிறார். ஃபேர்வெல்லில் கேக் வெட்டுகிறோம். அடுத்த மாதம் டீமில் நாலு பேர் பேப்பர் போட்டால் மட்டும் “கம்பெனி உனக்கு எவ்வளவு செஞ்சிருக்கு” என்று கேட்டால் எப்படி இருக்கும்?

கல்லூரி கூடைப்பந்தில் 2021 வரை நிலைமை இதைவிட மோசம். வீரர் கல்லூரி மாறினால், பொதுவாக ஒரு வருஷம் ஆடாமல் உட்கார வேண்டும். நாலு வருஷ விளையாட்டு வாழ்க்கை உள்ளவனுக்கு ஒரு வருஷ நோட்டீஸ் பீரியட்! கோச்சுக்கு அப்படி எதுவும் கிடையாது. இங்கே ஞாயிற்றுக்கிழமை தோற்று, அதே வாரம் அங்கே பதவி ஏற்கலாம். 2021 ஏப்ரலில்தான் ஒரு முறை உட்காராமல் மாறலாம் என்று விதி தளர்ந்தது. 2024-ல் அந்த ‘ஒரு முறை’யும் போனது, படிப்பில் தகுதி இருந்தால் எத்தனை முறை வேண்டுமானாலும் மாறலாம். மயில்கள் பயன்படுத்தியது கோச்சுகளுக்கு எப்போதும் இருந்த அதே உரிமையைத்தான்.

காசுக்கு வருவோம். 2022-ல் இந்தத் தொடரின் ஒளிபரப்பு உரிமை ஆண்டுக்கு 80 கோடி டாலருக்கு மேல். அதில் ஒரு பங்கு, அணிகள் ஆடிய ஆட்டங்களின் எண்ணிக்கையைப் பார்த்து லீகுகளுக்குப் போகும். ஒரு ஆட்டத்துக்கு, ஆறு ஆண்டுகளில் மொத்தமாகச் சுமார் 20 லட்சம் டாலர். செயின்ட் பீட்டர்ஸ் ஆடியது நான்கு ஆட்டம். அதாவது கிட்டத்தட்ட 80 லட்சம் டாலரை, அது அங்கம் வகித்த 11 கல்லூரிகள் கொண்ட லீகுக்குச் சம்பாதித்துக் கொடுத்தது. ஜெயித்துக் கொடுத்த பசங்களுக்கு அந்தக் கணக்கில் ஒரு டாலர்கூட இல்லை. ஸ்காலர்ஷிப் இருந்தது, உண்மை. அது கென்டக்கியிடம் முதல் சுற்றிலேயே தோற்றிருந்தாலும் இருந்திருக்கும்.

2021 ஜூலையில் வந்த இன்னொரு மாற்றத்தால், வீரர்கள் தங்கள் பெயரையும் முகத்தையும் வைத்து விளம்பரத்தில் சம்பாதிக்கலாம். எடர்ட் ஒட்டு மீசை மாதிரி ஒரு மீசை வைத்திருப்பார். அந்த மீசை பிரபலமாகி, தொடர் நடந்துகொண்டிருக்கும்போதே பஃபலோ வைல்ட் விங்ஸ் உணவகத்தோடு விளம்பர ஒப்பந்தம் கிடைத்தது. நல்லது. ஆனால் மீசை இல்லாதவர்கள் என்ன செய்வார்கள்?

“பணத்தாசை” என்ற குற்றச்சாட்டும் பெரிதாக ஒட்டவில்லை. போனவர்களில் பெரும்பாலோர் சேர்ந்தது கென்டக்கியோ டியூக்கோ இல்லை. பிரையண்ட், லா சால் எல்லாம் சாம்பியன் பட்டத்துக்குப் பேர் போன இடங்களா? தங்களைத் தேர்ந்தெடுத்து வளர்த்த கோச் போய்விட்டார், புதியவர் தன் ஆட்களைக் கொண்டுவருவார். அதற்குள் நமக்கு ஒரு இடம் பார்த்துக்கொள்வோம் என்று இருபது, இருபத்தொரு வயதுப் பையன் யோசிப்பதில் என்ன தப்பு?

எதிர்த்தரப்பில் நியாயமே இல்லை என்று சொல்ல மாட்டேன். சின்ன கல்லூரிகளுக்கு இது வலி. ஆள் தேடி, இரண்டு மூன்று வருஷம் பொறுமையாகத் தயார் செய்து, கனியும் நேரத்தில் பெரிய கல்லூரி பறித்துக்கொண்டு போகிறது. 2025 ஜூனில் ஒப்புதல் பெற்ற நீதிமன்ற உடன்பாட்டின்படி கல்லூரிகள் வீரர்களுக்கு நேரடியாகவே பணம் தரலாம். முதல் ஆண்டு உச்சவரம்பு சுமார் 2.05 கோடி டாலர். செயின்ட் பீட்டர்ஸ் மாதிரி இடங்கள் அந்தத் தொகையைக் கனவில்கூடத் தொட முடியாது. இடைவெளி இன்னும் அகலும். நான்கு வருஷம் ஒரே பசங்களைப் பார்த்து, பேர் சொல்லிக் கூப்பிடும் உள்ளூர் ரசிகருக்கும் இழப்புதான். ஆனால் இந்த இடைவெளியை உண்டாக்கியவர்கள் டிவி ஒப்பந்தங்களில் கையெழுத்துப் போட்டவர்கள். அதைச் சரிசெய்ய, லீகுக்குப் போகும் பணத்தில் ஆடிய கல்லூரிக்கும் ஆடியவர்களுக்கும் கூடுதல் பங்கு கேட்கலாம். பையன்களைக் கட்டிப்போட்டுச் சரிசெய்யச் சொல்வது எனக்குப் புரியவில்லை.

செயின்ட் பீட்டர்ஸ் கடையைச் சாத்திவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். புதிய கோச் பஷீர் மேசன் வந்தார். முதல் சீசனில் 14 வெற்றி, 18 தோல்வி. அடுத்த சீசனிலேயே, 2024 மார்ச்சில், லீக் கோப்பையை ஜெயித்து மயில்கள் மறுபடி மார்ச் மேட்னஸுக்குள் நுழைந்தன. அதே 15-ம் இடம். இந்த முறை எதிரே 2-ம் இடத்து டென்னசி. 83-49 என்று தோற்று, முதல் நாளே வீடு திரும்பினார்கள்.