தனி அலுவலர் எப்போது போவார்?

கூட்டுறவுச் சங்கத்தின் நிர்வாகக் குழுவைக் கலைத்துவிட்டு அரசு அதிகாரி நாற்காலியில் அமரும்போது இரண்டு கேள்விகள் எழுகின்றன. ஏன் வந்தார்? எப்போது போவார்? முதல் கேள்விக்கு அரசிடம் எப்போதும் பதில் உண்டு. இரண்டாவது கேள்வி வந்தால்தான் மௌனம்.

அந்தமானில் முதல் கேள்விக்கு வலுவான பதில் இருக்கிறது. அந்தமான் நிக்கோபார் மாநிலக் கூட்டுறவு வங்கியில் கடன்கள் முறைகேடாக வழங்கப்பட்டதாக 2025இல் காவல்துறையின் குற்றப் புலனாய்வுத் துறையும் அமலாக்கத் துறையும் விசாரணையில் இறங்கின. வங்கி நிர்வாகத்தில் பொறுப்பு வகித்த முன்னாள் எம்.பி. குல்தீப் ராய் சர்மா கைது செய்யப்பட்டார். குற்றச்சாட்டுகளை நீதிமன்றம்தான் தீர்மானிக்க வேண்டும். ஆனால் சாத்தாமிலிருந்து படகேறி பாம்பூஃப்ளாட்டுக்கு வீடு திரும்பும் சிறு வியாபாரிக்கு உடனடிக் கவலை வேறு. கூட்டுறவில் போட்ட பணம் பத்திரமா? அரசு தலையிட்டால் அது யாரைக் காப்பாற்றும்?

தலையீடு தவறல்ல. பஞ்சாப் மகாராஷ்டிரா கூட்டுறவு வங்கியின் நிர்வாகக் குழுவை ரிசர்வ் வங்கி 2019 செப்டம்பரில் நீக்கியிராவிட்டால் சேதம் இன்னும் பெருகியிருக்கும். ஆனால் அதற்கான விலையை முதலில் கொடுத்தவர்கள் சேமிப்பாளர்களே. தொடக்கத்தில் அவர்கள் எடுக்க முடிந்தது 1,000 ரூபாய் மட்டும். 2022 ஜனவரியில் அந்த வங்கி வேறொரு வங்கியுடன் இணைக்கப்படும்வரை தவிப்பு நீடித்தது.

தலையீடு முடிவில்லாமல் நீண்டால் என்ன ஆகும் என்பதற்குத் தமிழ்நாடே சாட்சி. 1976இல் குடியரசுத் தலைவர் ஆட்சியின்போது கூட்டுறவுச் சங்கங்களுக்குத் தனி அலுவலர்கள் வந்தார்கள். தேர்தல் நடந்தது 1996இல். 20 ஆண்டுகள் உறுப்பினர்கள் பெயரளவுக்கே உரிமையாளர்கள். 2001இல் ஆட்சி மாறியதும் தனி அலுவலர்கள் மறுபடியும் திரும்பினார்கள். ஒண்ட வந்த பிடாரி ஊர்ப் பிடாரியை விரட்டிய கதை.

இதற்குக் கடிவாளம் போடத்தான் 97வது அரசியல் சட்டத் திருத்தம் 2012 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தது. குழுவைக் கலைத்தால் ஆறு மாதத்துக்கு மேல் நீட்டிக்கக் கூடாது. அதற்குள் தேர்தல் நடத்த வேண்டும். அரசின் பங்கோ கடனோ உதவியோ உத்தரவாதமோ இல்லாத சங்கத்தைக் கலைக்கவே கூடாது என்றது அது. ஆனால் கூட்டுறவு மாநிலப் பட்டியலில் உள்ள விஷயம். சட்டமன்றங்களில் பாதியின் ஒப்புதலாவது பெற்றிருக்க வேண்டும், பெறவில்லை. எனவே 2021 ஜூலையில் உச்ச நீதிமன்றம் இந்த விதிகளைப் பல மாநிலக் கூட்டுறவுச் சங்கங்களோடு நிறுத்திவிட்டது. நல்ல பாதுகாப்பு, நடைமுறைக் கோளாறால் சுருங்கிப்போனது.

மறுபக்கம், ரிசர்வ் வங்கியின் கை நீண்டது. 2020இல் திருத்தப்பட்ட வங்கி ஒழுங்குமுறைச் சட்டம் 2021 ஏப்ரல் முதல் மாநில, மாவட்டக் கூட்டுறவு வங்கிகளுக்கும் பொருந்துகிறது. அதன்படி குழுவை ஐந்து ஆண்டுகள் வரை விலக்கி வைக்கலாம். காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும் என்பது அதிலுள்ள கட்டுப்பாடு.

அந்தமானுக்குச் சட்டமன்றம் இல்லை. அங்குள்ள சங்கங்களுக்கான 1973ஆம் ஆண்டு ஒழுங்குமுறைச் சட்டம் குடியரசுத் தலைவரின் பெயரில் வந்தது. தேர்தலில் ஓட்டுக் கேட்டு வரும் எம்.எல்.ஏ.விடம் முறையிடும் வாய்ப்பு பாம்பூஃப்ளாட் உறுப்பினருக்குக் கிடையாது. அவருக்கு நீதிமன்றமே கதி. கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் சுற்று அமர்வு படகுத் தொலைவில், முன்பு போர்ட் பிளேராக இருந்த ஸ்ரீ விஜயபுரத்தில் இருக்கிறது என்பது ஆறுதல்.

நீதிமன்றங்கள் கைவிட்டதில்லை. புது டெல்லி நகராட்சிக் குழுவை விளக்கம் கேட்காமல் கலைத்த வழக்கில் 1980இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: கேட்டிருந்தாலும் முடிவு மாறியிருக்காது என்ற வாதம் செல்லாது, கேட்காததே அநீதி. மத்தியப் பிரதேசத்தின் பன்னா மாவட்டக் கூட்டுறவு வங்கிக் குழுவை 2011இல் இணைப் பதிவாளர் கலைத்தார். சட்டப்படி ரிசர்வ் வங்கியை முறையாகக் கலந்தாலோசிக்கவில்லை. 2013இல் உச்ச நீதிமன்றம் அந்தக் குழுவை மீண்டும் பதவியில் அமர்த்தியது. அரசியல் அழுத்தத்துக்கு அதிகாரிகள் வளையக் கூடாது என்றும் எச்சரித்தது.

ஆனால் இந்தத் தீர்ப்புகள் காப்பாற்றுவது குழுவை. பணம் போட்டவருக்கு? வங்கி என்றால் 5 லட்ச ரூபாய் வரை காப்பீடு உண்டு. பணம் எடுக்கத் தடை விதிக்கப்பட்டால் 90 நாட்களில் அது கிடைக்க வேண்டும் என 2021இல் சட்டம் வந்தது. ஊர்ச் சிக்கன நாணயச் சங்கத்துக்கு அந்தக் காப்பீடு இல்லை. கணக்குப் புத்தகம் ஒரே மாதிரி தெரிந்தாலும் பாதுகாப்பு ஒன்றல்ல.

ஆகவே உறுப்பினர் முதல் நாளே கேட்க வேண்டியவை நான்கு. கலைப்பு உத்தரவின் நகல் எங்கே? குழுவுக்கு விளக்கமளிக்க வாய்ப்புத் தரப்பட்டதா? கடைசித் தேதி எது? தேர்தல் எப்போது? குற்றம் செய்தவர்கள் சிறைக்குப் போகட்டும். சங்கம் உறுப்பினர்களிடம் திரும்பி வர வேண்டும். தேதி குறிக்காமல் வரும் அதிகாரியை வாசலிலேயே கேள்வி கேட்பதுதான் சிக்கனம்.